புத்தூர் மண்டியில் ஒன்பது மூட்டை

போன மாதம் சித்தூர் கோர்ட்டில் என் கட்டுரை ஒன்றுக்கு நம்பர் போட்டார்கள்.

சிவப்பு மசி. ஓரத்தில் வட்ட முத்திரை. இருபது வருஷமாக எழுதிக்கொண்டிருக்கிறேன்... என் எழுத்தை ஒரு கோர்ட் வாங்கி வைத்துக்கொண்டது இதுதான் முதல் தடவை. திருப்பித் தர மாட்டோம் என்றும் சொல்லிவிட்டது.

தீர்ப்பு வரும்வரை இதைப் பற்றி எழுதக் கூடாது என்று வக்கீல் சொல்லியிருந்தார். போன வியாழக்கிழமை தீர்ப்பு வந்தது. இனிச் சொல்லலாம்.

எந்தக் கட்டுரை என்று கேட்கிறீர்களா? போன வருஷம் மாசி மாதம் இதே பக்கத்தில் வந்தது. நகரியிலிருந்து புத்தூர் போகும் சாலையின் புளியமரங்களைப் பற்றியது. உங்களில் சிலர் பாராட்டிக் கடிதம்கூட எழுதினீர்கள். படித்து முடித்ததும் நிழலில் உட்கார்ந்து எழுந்த மாதிரி இருந்தது என்றார் ஒரு வாசகி.

அந்தக் கடிதம் என் கைக்கு வந்தபோது ஏகாம்பரம் செத்துப் பதினாறு நாள் ஆகியிருந்தது.

ஏகாம்பரம் நகரிக்காரர். நெசவாளி. வீட்டில் இரண்டு தறி — ஒன்றில் அவர், மற்றதில் அவர் மனைவி ராஜம்மா. எட்டு வயதில் ஒரு பெண். அவருக்கும் எனக்கும் மொத்தப் பழக்கம் நான்கு மணி நேரம்.

அன்று காலை நகரியில் பஸ்ஸை விட்டுவிட்டேன். திருப்பதியில் என் அறைக்குத் திரும்ப வேண்டும். அவசரம் ஒன்றுமில்லை. அங்கே எனக்காகக் காத்திருப்பது ஒரு பூட்டு மட்டும்தான். ஆனாலும் என்னால் ஓரிடத்தில் நிற்க முடியாது. ஓர் ஊரில் இருந்தால் அடுத்த ஊர் கூப்பிடும். அங்கே போனால் விட்டுவந்த ஊர் கூப்பிடும். டீக்கடை வாசலில் ஒரு லாரி நின்றது. திருத்தணியிலிருந்து உளுந்து மூட்டை ஏற்றிக்கொண்டு திருப்பதிக்குப் போகிற லாரி. பக்கத்தில் ஏகாம்பரம், பத்து டஜன் துண்டுகளைக் கட்டிய மூட்டையோடு. மலையடிவாரத்தில் ஒரு கடைக்குக் கொடுக்க வேண்டிய சரக்கு.

"எக்கண்டி சாரு, எக்கண்டி," என்றார் டிரைவர். ஏறச் சொல்கிறார். "காசு கீசு வாணாம். கிளீனர் பையன் இன்னிக்கு வரல. நம்ம ரோட்டு ரூலு தெரியுமில்ல? ஏறினவன் எறக்கணும்."

இந்த ரூலைத் தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். சரக்கு லாரியில் ஆளை ஏற்றிக் காசு வாங்கக் கூடாது. வாங்கினால் பர்மிட் போய்விடும். அதனால் எங்கள் சாலையில் யாரும் வாங்குவதில்லை. பதிலாக, வழியில் எங்கே சரக்கு இறங்கினாலும் ஏறிவந்தவன் தோள் கொடுக்க வேண்டும். எழுதி வைக்காத ரூல். ஆனால் மீறினவனை அடுத்த தடவை எந்த லாரியும் ஏற்றாது.

டிரைவருக்குப் பக்கத்தில் ஒருவருக்குத்தான் இடம்.

"நீங்க உள்ள குந்துங்க சாரு," என்றார் ஏகாம்பரம். "பேப்பர்ல எழுதறவருன்றாங்க. மேல காத்துக்கு உங்க காயிதமெல்லாம் பறந்துடும்."

"நீங்க?"

"நான் இன்னா காயிதமா, பறக்கறதுக்கு?"

மூட்டைகளின் மேல் ஏறி உட்கார்ந்துவிட்டார். லாரி கிளம்பியதும் கேபின் கூரையில் தாளம் போட ஆரம்பித்தார். நான் உள்ளிருந்து விரல் முட்டியால் பதில் தட்டினேன். அவர் நிறுத்தி, யோசித்து, வேறு தாளம் போட்டார். முகம் தெரியாமல் இரண்டு பேர், நடுவில் ஒரு தகரம். அதைவிட நல்ல பேச்சு எனக்கு அந்த வருஷம் வாய்க்கவில்லை.

புத்தூர் மண்டியில் ஒன்பது மூட்டை இறக்க வேண்டியிருந்தது. நான் கேபின் கதவைத் திறந்தேன். ஏகாம்பரம் வெளியிலிருந்து சாத்தினார்.

"நீங்க எழுதிக்கினு இருங்க சாரு. உங்க பங்கும் சேத்து நானே தூக்கிடறேன்."

மறுத்திருக்கலாம். மறுக்கவில்லை. கட்டுரை நன்றாக வந்துகொண்டிருந்தது.

டிரைவர் மேலிருந்து சரித்துவிட, இவர் முதுகில் வாங்கி உள்ளே கொண்டுபோனார். நான் கண்ணாடி வழியாகப் பார்த்துக்கொண்டே எழுதினேன். நீங்கள் படித்த அந்த வரிகள் இவைதான்:

'மண்டி வாசலில் ஒரு கூலிக்காரன். தலையில் நீலக்கரைத் துண்டு. ஓர் ஓரத்தில் மட்டும் ஒற்றைச் சிவப்பு இழை. ஒன்பது முறை வந்து போனான். ஒவ்வொரு மூட்டையையும், தூங்கிவிட்ட குழந்தையைத் தொட்டிலுக்கு எடுத்துப்போவது போல எடுத்துப்போனான்.'

எழுதி முடித்து, உறையில் போட்டு ஒட்டி, மண்டிக்கு எதிரே இருந்த தபால் பெட்டியில் சேர்த்தேன். அன்று நான் இறக்கியது அந்த உறை ஒன்றைத்தான்.

பிறகு வடமாலப்பேட்டை. அதைத் தாண்டி ஏரிக்கரை. எதிரே ஒரு மாட்டு வண்டி. வந்த வேகத்தைக் குறைக்காமல் டிரைவர் லாரியை ஒடித்தார். கரை மண் விட்டது. லாரி ஏரிப் பக்கம் சாய்ந்து, கேபின் மட்டும் ஒரு மரத்தில் முட்டி நின்றது. புளியமரம்தான். கட்டுரையில் அதைச் சேர்க்க முடியவில்லை. அது தபாலில் போய்விட்டிருந்தது.

எனக்கு முழங்கையில் சிராய்ப்பு. வேறொன்றுமில்லை. கூரையைத் தட்டினேன்.

மறுபடியும் தட்டினேன்.

*

போலீஸ் வந்தது. நகரியிலிருந்து ராஜம்மாவின் தம்பி முனிரத்தினம் ஓடிவந்தார். சப் இன்ஸ்பெக்டர் தெலுங்கில் கேட்டார் — செத்தவர் லாரிக் கூலியா?

முனிரத்தினத்துக்குச் சுருக்கென்றது. எங்கள் பக்கத்தில் சொந்தத் தறி வைத்திருப்பவரைக் கூலி என்றால் செத்த வீட்டில்கூடச் சண்டை வரும். "எங்க மாமா கூலி இல்லீங்க. ரெண்டு தறி வெச்சிக்கினு கௌரவமா இருக்கறவரு. டிரைவரு மரியாதிக்கு ஏத்திக்கினு வந்தாரு. காசு கெடையாது, ஒண்ணும் கெடையாது," என்றார்.

சப் இன்ஸ்பெக்டர் அதை அப்படியே எழுதி, கீழே கையெழுத்து வாங்கினார்.

அந்த ஒரு கையெழுத்தின் விலை என்ன என்று எங்கள் யாருக்கும் அப்போது தெரியாது.

ஆறு மாதம் கழித்து ராஜம்மாவின் வக்கீலிடமிருந்து எனக்குக் கடிதம் வந்தது. போனேன். அவர் விரல் விட்டுச் சொன்னார். இறந்தவர் இனாமாக ஏறியவரா? இன்ஷூரன்ஸ் கம்பெனிக்குப் பொறுப்பில்லை. காசு கொடுத்து ஏறியவரா? சரக்கு லாரியில் பிரயாணி ஏற்றியது பர்மிட் மீறல். அதைக் காட்டிக் கம்பெனி தப்பித்துக்கொள்ளும். லாரியின் வேலைக்காக ஏறியவரா? அப்படியானால் மட்டும் கம்பெனி கொடுத்தாக வேண்டும்.

கவனித்தீர்களா? மரியாதைக்கு ஏறினாலும் கிடையாது. காசு கொடுத்தாலும் கிடையாது. அவ்வளவு பெரிய கம்பெனிக்குள் போக ஒரே ஒரு சந்து — அதில் மூட்டையோடு போனால்தான் விடுவார்கள்.

"லாரிச் சொந்தக்காரர் கொடுக்க மாட்டாரா?" என்று கேட்டேன்.

"அவருக்கு இருந்த ஒரே சொத்து அந்த லாரி. அது ஏரியில கெடந்தது."

"டிரைவர்?"

"திருத்தணி ஆளு. திருத்தணிதான் இப்ப மதராஸ் ராஜ்யத்துக்குப் போயிடுச்சே. விபத்து நடந்தப்ப நம்ம ஜில்லாக்காரன். கல்லு நட்டப்புறம் வெளிராஜ்யத்தான். சம்மன் எல்லை தாண்டிப் போவுது, ஆள் இல்லைன்னு திரும்பி வருது. மிச்சம் இருக்கறது நீங்க ஒருத்தர்தான்."

ராஜம்மா சுவரோரமாக உட்கார்ந்திருந்தார். கம்பெனி கொடுக்காவிட்டால் தறி இரண்டையும் கொடுத்துவிட்டு, வீட்டைப் பூட்டிக்கொண்டு, பெண்ணோடு தம்பி வீட்டுக்குப் போக வேண்டும். வேறு வழியில்லை. தம்பி வீட்டில் ஏற்கெனவே ஏழு பேர்.

"இந்தம்மா ஒரு வார்த்தை சொன்னா போதும்," என்றார் வக்கீல். "அன்னைக்கு அவர் லாரியில மூட்டை எறக்கற வேலையா போனார்னு. மாட்டேங்கறாங்க."

ராஜம்மா தலை நிமிரவில்லை. "அவரு ஒரு நாளும் கூலிக்குப் போனதில்லீங்க. சாவுற வரிக்கும் போவாத மனுசன... செத்தப்புறம் நான் அனுப்பணுமா?"

நான்தான் மெதுவாக, புத்தூர் மண்டியில் நடந்ததைச் சொன்னேன். வக்கீல் நிமிர்ந்து உட்கார்ந்தார். பிறகு தளர்ந்தார்.

"வாய் வார்த்தை சார். பரிதாபத்துல இப்ப ஜோடிச்சுச் சொல்றீங்கம்பாங்க. காயிதம் ஏதாவது இருக்கா, அன்னைக்கு எழுதினது?"

இருந்தது. உங்கள் எல்லோரிடமும் இருந்தது. புத்தூர் தபால் முத்திரை குத்திய உறையைப் பத்திரிகை ஆசிரியர் அலுவலகத்தில் கோத்து வைத்திருந்தார்கள். கட்டுரையை எடுத்துப் படித்தபோதுதான் அந்தச் சொல் என் கண்ணில் பட்டது.

கூலிக்காரன்.

அவர் நெசவாளி என்று எனக்கு அப்போதே தெரியும். பேரும் தெரியும். நெசவாளி என்று எழுதினால் வரி நொண்டியது. கூலிக்காரன் என்றால் நடந்தது. அவ்வளவுதான் காரணம்.

ராஜம்மாவிடம் இதை முன்கூட்டியே சொல்ல எனக்குத் தைரியம் வரவில்லை.

*

கோர்ட்டில் என் கட்டுரையைப் படித்தார்கள். பெஞ்சு கிளார்க் தமிழில் படித்து, ஜட்ஜுக்கு இங்கிலீஷில் சொன்னார். சொல்லச் சொல்ல என் புளியமரங்கள் ஒவ்வொன்றாகச் சாய்ந்தன. கடைசியில் மண்டியும் மூட்டையும் மட்டும் நின்றன. 'கூலிக்காரன்' என்று வந்தபோது ராஜம்மா என்னைத் திரும்பிப் பார்த்தார். நான் கூண்டின் மரக்கட்டையைப் பார்த்தேன்.

கம்பெனி வக்கீல் மதராஸ்காரர். என்னிடம் தமிழிலேயே கேட்டார்.

"ஏறியவன் இறக்க வேண்டும் என்கிறீர்கள். இது எந்தச் சட்டத்தில் இருக்கிறது?"

"சட்டத்தில் இல்லை. சாலையில் இருக்கிறது."

"நீங்களும் ஏறினீர்கள். எத்தனை மூட்டை இறக்கினீர்கள்?"

"ஒன்றும் இல்லை."

"அப்படியானால் நீங்கள் இனாமாக வந்தவர்."

"இல்லை. எனக்கும் சேர்த்து அவர் இறக்கினார்."

ஜட்ஜ் ஏதோ எழுதிக்கொண்டார்.

"இறந்தவர் நெசவாளி என்று உங்களுக்கு அன்றே தெரியுமா?"

"தெரியும்."

"ஆனால் கூலிக்காரன் என்று எழுதியிருக்கிறீர்கள். பொய்தானே?"

"அந்தச் சொல் பொய்தான்."

"இந்தக் கட்டுரையில் வேறு எதெல்லாம் பொய்?"

கோர்ட் சிரித்தது. என் வாசகர்கள் யாராவது அங்கே இருந்திருந்தால் அவர்களும் சிரித்திருப்பார்கள். ஒன்பது மூட்டை நிஜம் என்றேன். புளியமரங்கள் வேண்டுமானால் இரண்டொன்று கூடுதலாக இருக்கலாம்.

அவர் விடவில்லை. ஜட்ஜ் பக்கம் திரும்பி, மண்டியில் கூலிக்காரர்களுக்குப் பஞ்சமா, இந்தக் கூலிக்காரன்தான் இறந்துபோன நெசவாளி என்பதற்கு என்ன அத்தாட்சி என்றார். நியாயமான கேள்வி. நானே பேரை எழுதாமல் விட்டவன்.

பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது.

"அந்த செவப்பு இழை..." ராஜம்மா எழுந்து நின்றுகொண்டிருந்தார்.

ஜட்ஜ் அவரைக் கூண்டுக்கு அழைக்கச் சொன்னார். என்னை இறக்கி அவரை ஏற்றினார்கள்.

"எங்க தறித் துண்டுல ஒரு ஓரத்துல மட்டும் ஒத்த செவப்பு இழை ஓட்டுவாருங்க. எங்கூர்ல வேற யாரும் ஓட்ட மாட்டாங்க. இன்னாத்துக்கு வீண் நூலுன்னு நான்கூட ஏசுவேன். ஆயிரம் துண்டு காயற எடத்துல என்துது எனக்குத் தெரிய வாணாமான்னுவாரு."

ஏரியிலிருந்து எடுத்த துண்டு மூட்டை ஒரு வருஷமாகக் கோர்ட் ஜாமான் அறையிலேயே கிடந்தது. கொண்டுவரச் சொன்னார்கள். முடிச்சை அவிழ்த்தார்கள். காய்ந்த ஏரிச்சேறு உதிர்ந்தது. ஒவ்வொன்றாக விரித்துக் காட்டினார்கள்... நீலக்கரை, நீலக்கரை, நீலக்கரை. ஒவ்வொன்றின் ஓரத்திலும் ஒற்றைச் சிவப்பு.

ஜட்ஜ் கேட்டதைக் கிளார்க் தமிழில் கேட்டார். "அப்போ இதுல எழுதியிருக்கிற கூலிக்காரன் உன் புருஷன்தானா? யோசிச்சுச் சொல்லும்மா."

ராஜம்மா யோசித்தார். முனிரத்தினம் தரையைப் பார்த்தார். மின்விசிறி ஒரு சுற்றுக்கு ஒரு தரம் முனகியது.

"ஆமாங்க," என்றார். "அந்தக் கூலிக்காரரு எங்க வூட்டுக்காரருதான்."

நான் கொடுக்காமல் விட்ட மரியாதையையும் சேர்த்தேதான் சொன்னார்.

வராந்தாவில் முனிரத்தினம் என் பக்கத்தில் வந்து நின்றார். "கௌரவமா சொல்றோம்னு நெனச்சி சொல்லிட்டேன் சாரு. அக்கா தலையில மண்ணப் போட்டேன்."

"நானும் அழகா எழுதறோம்னு நெனச்சுத்தான் எழுதினேன்," என்றேன்.

வக்கீல் ராஜம்மாவிடம் கணக்கு எப்படிப் போடுவார்கள் என்று விளக்கிக்கொண்டிருந்தார். வயசு என்ன, எத்தனை காலம் உழைத்திருப்பார், எவ்வளவு சம்பாதித்திருப்பார். அதில் அவர் தனக்கென்று செலவழித்திருக்கக் கூடியதைக் கழித்துவிடுவார்கள்.

"அவரு துன்றதக் கழிப்பாங்களா?"

"ஆமாம்மா."

"கம்மியாத்தான் கழிக்கணும். எங்களுக்கு மிச்சம் வெச்சித்தான் துன்னுவாரு."

அன்று திரும்பும்போது பஸ்ஸில் எனக்கு ஒரு யோசனை ஓடியது. ஏகாம்பரம் உள்ளே உட்கார்ந்து, நான் மேலே ஏறியிருந்தால்? என் துண்டை அடையாளம் சொல்ல யார் எழுந்து நின்றிருப்பார்கள்? யார் மனுப் போட்டிருப்பார்கள்? ஆசிரியரா? நீங்களா? இன்ஷூரன்ஸ் கம்பெனிகள் என்னைப் போன்றவர்களைத்தான் விரும்ப வேண்டும். செத்தாலும் செலவு வைக்காத ஜாதி.

*

தீர்ப்பு நான்கு பக்கம். நமக்கு வேண்டியது ஒரு வாக்கியம்: ஏற்றிச் சென்றதற்கு ஈடாக உழைப்பை வாங்கிக்கொண்ட பிறகு, அவரை இனாமாக வந்தவர் என்று சொல்ல முடியாது. கம்பெனி கொடுக்க வேண்டும். அப்பீலுக்கு ஹைதராபாத் போவோம் என்றார் கம்பெனி வக்கீல். பிறகு ராஜம்மாவைப் பார்த்தார். போக மாட்டார்கள் என்றுதான் நினைக்கிறேன்.

ராஜம்மா அழவில்லை. "தறிய விக்க வாணாம்," என்று மட்டும் சொன்னார். பிறகு, யாரிடமும் இல்லாமல், "ஒரு தறி சும்மாத்தான் கெடக்கும்," என்றார்.

துண்டு மூட்டையைக் கையெழுத்து வாங்கிக்கொண்டு கொடுத்துவிட்டார்கள். நகரி பஸ்ஸின் மேல் அதை ஏற்றினார் முனிரத்தினம். என் பஸ் வேறு திசையில், திருப்பதிக்கு, கிளம்பத் தயாராக நின்றது. நகரியில் எனக்கு ஒரு வேலையும் இல்லை. ஆனால் நகரி பஸ்ஸில்தான் ஏறினேன்.

வழியெல்லாம் கூரையில் ஏதோ இடித்துக்கொண்டே வந்தது. யாருடைய தகரப் பெட்டியோ. எனக்குக் கை பரபரத்தது. தட்டவில்லை.

நகரியில் முனிரத்தினம் ஏணியில் கால் வைத்தார். நான் அவர் தோளைப் பிடித்து இறக்கிவிட்டு மேலே ஏறினேன்.

"ஐயோ, நீங்க இன்னாத்துக்கு சாரு?" என்றார் ராஜம்மா. "பேப்பர்ல எழுதறவரு..."

"இந்த ரோட்டு ரூலும்மா," என்றேன்.

அவருக்குப் புரிந்தது. தடுக்கவில்லை.

மூட்டையைத் தோளில் வாங்கி, ஏணியில் ஒவ்வொரு படியாக இறங்கினேன். முடிச்சு கழுத்தில் அறுத்தது. மூச்சு வாங்கியது. பஸ் ஸ்டாண்டிலிருந்து வீட்டு வாசல் வரை மூன்று இடத்தில் நின்றேன். இத்தனைக்கும் அது வெறும் துண்டு, உளுந்து இல்லை.

தூங்கிவிட்ட குழந்தை என்று எழுதியிருந்தேன் அல்லவா? அதுவும் பொய். மூட்டை, மூட்டை மாதிரிதான் கனக்கிறது.